ஊன்றுகோல் தளர்ந்த கதை

மலர்க் குழுவினர் எம்மிடம் கட்டுரை கேட்டு வந்தபோது, சங்கச் செய்யுளிலிருந்தோ தேவார திருவாசகங்களிலிருந்தோ ஒரு பொருளை எடுத்து எழுதுவோம் என்றே எதிர்பார்த்திருத்தல் வேண்டும். தமிழாசிரியன் வேறு எதனை எழுதுவான்? யாமும் அவ்வாறே எண்ணி இரண்டு மூன்று தலைப்புகளைத் தாளிற் குறித்து வைத்தோம். ஆயினும் எழுதுகோலைக் கையில் எடுக்குந்தோறும் எம் வலக்கையின் நடுவிரலிலுள்ள தழும்பு கண்ணிற் பட்டது. "சேர், விரலுக்கு என்ன நடந்தது?" என்று சென்ற ஆண்டுகளில் எம்மை வினவாத மாணவர் இலர், வினவிய அனைவர்க்கும் "கார் பொனற் விழுந்தது" என்ற மூன்று சொல்லே விடையாகக் கொடுத்து வந்தோம். அம்மூன்று சொல்லுள் அடங்காத செய்தி ஒன்று உண்டு. அதனை இம்மலரிற் சொல்லத் துணிந்தோம். எண்ணெயும் கரியும் பூசிய பொருள் விழா மலருக்கு ஒவ்வாது எனக் கருதும் அன்பர்கள் பொறுத்தருள்க.

தமிழாசிரியனிடம் ஜேர்மன் தேசத்து மோட்டார் வண்டியா என வியப்போர்க்கு முதற்கண் விடை கூறிவிடுதல் நன்று. அஃது எம் மைத்துனர் வாங்கிய வண்டி, 1996இல் செய்யப்பட்டது. பெயரைக் கூறின் விளம்பரமாகும், கூறாது விடுகின்றோம். 2019இல் அவர் குடும்பத்துடன் கனடாவுக்குப் புறப்பட்டபோது, "அத்தான், இது உங்களிட்டையே நிக்கட்டும், விக்க மனம் வரேல்லை" என்று சாவியை எம் கையில் வைத்துச் சென்றார். அடுத்த ஆண்டு பங்குனியில் இலங்கை அரசு வாகன இறக்குமதியை நிறுத்தியது. தனியார் வண்டிகள் மீண்டும் இறங்கத் தொடங்கியது 2025 மாசியிலேயே. இடைப்பட்ட ஐந்து ஆண்டுகளும் பழைய வண்டி வைத்திருந்தோர் அனைவரும் முதியோரைப் பேணுவது போல அவற்றைப் பேணினர். யாமும் பேணினோம். 2022இல் எரிபொருள் வரிசையில் நின்ற நாள்களில் அவ்வண்டியை ஓட்டியதிலும் தள்ளியதே மிகுதி. வாத்தியாருக்கு வந்த வாழ்வைப் பார் என்று நகைத்தவர்களும் தள்ளுதற்குக் கைகொடுத்தனர்.

அவ்வண்டியில் எம்மைப் பெரிதும் கவர்ந்தது அதன் பொனற் திறக்கும் விதமே. அதன் காரணத்தை விளக்கச் சற்றுப் பின்னே செல்லல் வேண்டும்.

எம் தந்தையாரிடம் ஒரு மொறிஸ் மைனர் இருந்தது. யாம் சிறுவராயிருந்த 1990களின் முற்பகுதியில் யாழ்ப்பாணக் குடாநாட்டுக்குப் பொருளாதாரத் தடை. பெற்றோல் கிடைத்தற்கரிய பொருளாயிற்று. வண்டிகள் மண்ணெண்ணெயில் ஓடின. ஆனால் குளிர்ந்து கிடக்கும் இயந்திரம் மண்ணெண்ணெய்க்கு விழித்தெழாது. பொனற்றைத் திறந்து, சிறு போத்தலிலிருந்து சில துளி பெற்றோலைக் காபுரேற்றரில் விட்டு, இயந்திரம் உயிர்பெற்ற பின்னரே மண்ணெண்ணெய்க்கு மாற்றுதல் இயலும். ஆதலாற் பொனற்றைத் திறத்தல் எங்கள் வீட்டில் அன்றாடக் கிரியையாகிவிட்டது. அதனைத் தாங்க ஓர் இரும்புக் கம்பி உண்டு. ஒரு நாள் அவசரத்தில் கம்பியைக் கொளுவாது எம் இரு கைகளாலும் பொனற்றை உயர்த்திப் பிடித்தவாறு, "விடுங்கோ அப்பா" என்றோம். தந்தையார் போத்தலைக் கீழே வைத்துவிட்டார். "கை களைக்கும், கம்பி களைக்காது. கம்பியைக் கொளுவிப்போட்டுக் கூப்பிடு" என்று சொல்லி அப்பால் நின்றார். எங்கும் பதற்றம் நிறைந்த அந்நாள்களிலும் அக்கம்பி கொளுவப்படாமல் அவர் தலை உள்ளே குனிந்ததில்லை.

மைத்துனரின் வண்டியில் அத்தகைய கம்பி இல்லை. அதற்குப் பதிலாகப் பொனற்றின் இரு பக்கத்தும் முழங்கை நீளமான இரண்டு கருங்குழாய்கள். கொளுக்கியை விடுவித்துச் சற்றே உயர்த்தினாற் போதும்; எஞ்சிய தூரம் பொனற் தானாகவே மேலெழுந்து அசையாது நிற்கும். எம் மகன் சிறு குழந்தையாயிருந்தபோது அதனைக் காட்டியே சோறூட்டியதுண்டு. அக்குழாய்களைக் கடைக்காரர் காஸ் ஸ்ரட் என்பர். தமிழிற் பெயரிட விரும்பி வகுப்பில் மாணவரைக் கேட்டோம். ஒருவன் 'வாயுத்தூண்' என்றான். மற்றொருவன் 'காற்றுக்கை' என்றான். யாம் 'வாயு ஊன்றுகோல்' என வைத்துக்கொண்டோம். ஊன்றுகோல் பழைய சொல். திருக்குறளில் 'ஊற்றுக்கோல்' என்னும் வடிவில் வருவது. வழுக்கும் இடத்தில் உதவுவது அது. எமது ஊன்றுகோல்களே வழுக்கிய கதையை இனிக் கூறுவாம்.

இவ்வூன்றுகோல் மிகப் பழைய பொருளன்று. ஜேர்மனியின் கொப்லென்ஸ் நகரில் 1934இல் தொடங்கப்பெற்ற ஸ்ரபிலஸ் என்னும் நிறுவனம் 1962இல் இதனைப் பெருந்தொகையாகச் செய்யத் தொடங்கியது. இன்று மோட்டார் வண்டியின் பின்கதவிலும் அலுவலகச் சுழல் நாற்காலியிலும் வைத்தியசாலைக் கட்டிலிலும் இதனைக் காணலாம். உள்ளமைப்பு எளியது. நன்கு மூடப்பட்ட ஓர் உருக்கு உருளை, அதனுள் உயர் அமுக்கத்தில் நைதரசன் வாயு, சிறிதளவு எண்ணெய், நுண்துளையிட்ட ஒரு முசலம், அம்முசலத்தோடு பொருந்தி வெளியே நீளும் பளபளப்பான ஒரு கோல். கோல் வெளிவரும் வாயில் வாயு கசியாதபடி இறுக்கிப் பிடிக்கும் ஒரு றப்பர் வளையம். இவ்வளவே. முசலம் என்பது உலக்கையைக் குறிக்கும் வடசொல் என்பதையும், எமது விஞ்ஞான நூல்கள் அதனை இயந்திர உறுப்புக்குப் பெயராகக் கொண்டன என்பதையும் தமிழாசிரியன் என்ற முறையில் இடையே குறித்துச் செல்கின்றோம்.

சில ஆண்டுகளில் அவ்வூன்றுகோல்களில் மாற்றம் தெரிந்தது. முன்னர் தானே எழுந்த பொனற்றைப் பாதி தூரம் கையால் உயர்த்த வேண்டியதாயிற்று. ஒரு நாள் அதிகாலையிற் திறந்தபோது மெல்லத் தாழ்ந்து வந்தது. கோலைத் துடைத்துப் பார்த்தோம். துணியில் எண்ணெய் படிந்தது. கடற்காற்றின் உப்பினாற் கோலிற் சிறு துருப்புள்ளிகளும் தோன்றியிருந்தன. பூவரசங் கம்பு ஒன்றை வெட்டிச் சீவி முட்டுக் கொடுத்தோம். அதனை டிக்கியில் வைத்துக்கொண்டோம்.

இங்கே எம் குற்றம் தொடங்குகின்றது. கம்பு முட்டுக் கொடுத்த சில வாரங்களின் பின் வெயிற் காலம் வந்தது. ஒரு நண்பகலிற் கம்பின்றித் திறந்து பார்த்தோம். பொனற் நின்றது. மறுநாளும் நின்றது. நோய் தானாகவே நீங்கிற்று என்று மகிழ்ந்தோம். புதிய ஊன்றுகோல் வாங்க ஒதுக்கிய பணம் வேறு செலவுக்குப் போயிற்று. பூவரசங் கம்பும் டிக்கியிலிருந்து வெளியேறி வேலிக்குப் பயன்பட்டது.

2024ஆம் ஆண்டு தை மாதம், யாம் முதன்முதலிற் கற்பித்த மலையகப் பாடசாலையின் மாணவர் ஒருவருக்கு நுவரெலியாவை அடுத்த ஒரு தோட்டத்தில் திருமணம். மனைவி மக்களோடு புறப்பட்டோம். கண்டிவரை 320 கிலோமீற்றருக்கு மேற்பட்ட வழி. அப்பாற் கம்பளை, புசல்லாவை, இறம்பொடை எனச் சுற்றிச் சுற்றி ஏறும் மலைப்பாதை. பழைய வண்டி பெருமூச்சு விட்டபடி ஏறிற்று. இரவு தோட்டத்து வீடொன்றில் தங்கினோம். கடல் மட்டத்திலிருந்து 1,800 மீற்றருக்கு மேலான இடம். தை மாதக் குளிர். வாய்திறந்தால் ஆவி பறந்தது.

விடிந்ததும், முதல்நாள் ஏற்றத்தில் இயந்திரம் சூடேறியதை நினைந்து, தண்ணீர் அளவைப் பார்க்கப் பொனற்றைத் திறந்தோம். பத்து வயது மகனும் உடன் வந்தான். பொனற்றை முழுதாக உயர்த்தினோம், நின்றது. குனிந்து தண்ணீர்க் குடுவையை நோக்கினோம். மகன் நுனிக்காலில் நின்று, முன்விளிம்பை இரு கைகளாலும் பற்றி, தலையை உள்ளே நீட்டி, "எதப்பா தண்ணி விடுற இடம்?" என்றான். அந்நேரம் எம் தலைக்கு மேலிருந்த நிழல் சற்றே அசைந்தது. நிமிர்ந்து பார்க்கவும் நேரமில்லை. இடக்கையால் அவனை அப்பாற் தள்ளினோம். வலக்கையை மேலே கொடுத்தோம். அவன் புல்லில் விழுந்தான். பொனற் எம் கைமேல் விழுந்தது.

நடுவிரல் எலும்பிற் கீறல். மோதிர விரலில் வீக்கம். நுவரெலியா வைத்தியசாலையிற் கட்டுப் போட்டனர். வலக்கையைத் துணியில் தூக்கிக்கொண்டு திருமணப் பந்தலில் அமர்ந்திருந்தோம். மகனுக்கு ஒரு கீறலும் இல்லை. எல்லாரும் "தெய்வாதீனம்" என்றனர். யாமும் ஆம் என்றோம்.

திரும்பும்போது நண்பர் ஒருவர் வண்டியை ஓட்டி வந்தார். மகன் வழி முழுதும் பேசவில்லை. முறிகண்டியில் நிறுத்திப் பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்தோம். கச்சான் வாங்கிக் கொடுத்தோம். கச்சானை உரித்துக்கொண்டே அவன் கேட்டான்: "அப்பா, அது விழும் எண்டு உங்களுக்கு முந்தியே தெரியும்தானே?"

இருபது ஆண்டுகளுக்கு மேலாக வகுப்பறையில் வினாக் கேட்பது எம் தொழில். அத்தனை ஆண்டுகளில் எவரும் எம்மிடம் அத்தகைய வினாவைக் கேட்டதில்லை. "தெரியும்" என்றோம். அவன் மேலே ஒன்றும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் நன்றாயிருந்திருக்கும்.

யாழ்ப்பாணத்தில் நின்ற பொனற் நுவரெலியாவில் ஏன் விழுந்தது என்பது எமக்கு விளங்கவில்லை. ஆசிரியர் ஓய்வறையிற் பௌதிகவியல் ஆசிரியரிடம் கேட்டோம். அவர் ஒரு தாளை இழுத்து, விளங்குதற்பொருட்டு எளிய எண்களை இட்டு, கணக்கை எழுதிக் காட்டினார். அக்கணக்கைப் பிறருக்கும் பயன்படுமெனக் கருதி இங்கே தருகின்றோம்.

முசலத்தில் நுண்துளை இருப்பதால் அதன் இருபுறமும் வாயுவின் அமுக்கம் ஒன்றே. ஆனாற் கோல் பொருந்திய புறத்தில், கோலின் தடிப்பு அளவுக்கு வாயு அழுத்தும் பரப்புக் குறைவு. அந்த வேறுபாடே கோலை வெளியே தள்ளுகின்றது. கோலின் விட்டம் 8 மில்லிமீற்றராயின் குறுக்குவெட்டுப் பரப்பு ஏறக்குறைய அரைச் சதுர சென்ரிமீற்றர். புதிய ஊன்றுகோலில் வாயு அமுக்கம் 100 பார் எனக் கொண்டால் தள்ளும் விசை 500 நியூற்றன். அதாவது 51 கிலோகிராம் நிறையைத் தாங்கும் வலு. பொனற்றின் நிறை 20 கிலோகிராம்தானே, இத்தனை வலு எதற்கு என்று கேட்டோம். நெம்பின் தத்துவத்தை மறந்துவிட்டீரோ என்றார். ஊன்றுகோல் பிணைச்சலுக்கு மிக அருகிற் பொருந்தியுள்ளது. பொனற்றின் நிறை பிணைச்சலிலிருந்து 40 சென்ரிமீற்றர் தொலைவிலும் ஊன்றுகோலின் தள்ளல் 10 சென்ரிமீற்றர் தொலைவிலும் தாக்குமாயின், விழச் செய்யும் திருப்பம் 20ஐ 40ஆற் பெருக்க 800. நிறுத்தும் திருப்பம் இரண்டு ஊன்றுகோலுக்கும் 102ஐ 10ஆற் பெருக்க 1,020. ஆகவே பொனற் நிமிர்ந்து நிற்கும்.

ஆண்டுகள் செல்ல, றப்பர் வளையம் தேய்ந்து வாயு சிறிது சிறிதாகக் கசிகின்றது. அமுக்கம் 80 பாராகக் குறைந்தது என்க. அப்போது நிறுத்தும் திருப்பம் 820. எண்ணூறுக்கு மேல் இருபதே மிச்சம், ஆயினும் நிற்கும். இது 33 பாகை செல்சியஸ் வெயிலில். மூடிய கலத்திலுள்ள வாயுவின் அமுக்கம் அதன் தனிவெப்பநிலைக்கு விகிதசமன். 33 பாகை என்பது தனிவெப்பநிலையில் 306. மலைநாட்டு விடியலின் 9 பாகை என்பது 282. அமுக்கம் நூற்றுக்கு எட்டுப் பங்கு குறைகின்றது. 820 என்பது ஏறக்குறைய 755 ஆகின்றது. எண்ணூறை 755 எவ்வாறு தாங்கும்? பிணைச்சலின் உராய்வு ஒரு கணம் தாங்கியது. மகன் விளிம்பைப் பற்றியதும் அதுவும் போயிற்று.

"உமது ஊன்றுகோல் குணமடையவில்லை. யாழ்ப்பாணத்து வெயில் அதன் நோயை மறைத்தது" என்று கூறித் தாளை எம்மிடம் தந்தார். அத்தாள் இன்றும் எம் மேசையில் உண்டு. எம் தந்தையாரின் இரும்புக் கம்பி அன்று ஏன் சிறந்தது என்பதும் அப்போதே விளங்கிற்று. கம்பி வளைந்தாற் கண்ணுக்குத் தெரியும், கொளுவாவிட்டாலும் தெரியும். வாயு ஊன்றுகோலின் தளர்ச்சியோ உள்ளேயே நிகழ்வது. வெளியே அதே கருங்குழாய், அதே பளபளப்பு.

இனி மாற்றிய வரலாறு. நகரில் ஒரு கடையிற் கேட்டோம். சேதமுற்ற வண்டியொன்றிற் கழற்றிய சோடியைக் கருமை பூசி வைத்திருந்தனர். விலை மலிவு. வாங்கிவிட எண்ணியபோது உடன் வந்த மாணவன் எம் சட்டையைப் பிடித்து இழுத்தான். அவன் உயர்தரத் தொழினுட்பப் பிரிவிற் படிப்பவன். அப்பிரிவு நாட்டின் பாடசாலைகளில் 2013இல் தொடங்கியது. சாதாரண தரத்தில் எம்மிடம் தமிழ் பயின்றபோது புணர்ச்சி இலக்கணத்தில் அவன் பட்ட பாட்டை யாம் மறவோம். யாம் சிவப்பு மையாற் சுழித்த சந்திப் பிழைகளை அவனும் மறவான். வெளியே வந்ததும், "சேர், கோலைப் பாத்தனீங்களே? பெயின்ற்றுக்குக் கீழே துரு. துரு றப்பரை வெட்டிப்போடும், வாயு நிக்காது" என்றான். மற்றொருவர் பழையதைத் துளையிட்டு மீண்டும் வாயு நிரப்பித் தருவதாகக் கூறினார். உயர் அமுக்க வாயு நிறைந்த உருளையைத் துளையிடுதல் உயிரோடு விளையாடுதல் என்று மாணவன் அதனையும் தடுத்தான்.

பழைய குழாயின் மேல் அச்சிட்ட இலக்கத்தையும் நியூற்றன் அளவையும் அவன் கண்ணாடி வைத்துப் படித்தான். விரிந்த நீளம், ஒடுங்கிய நீளம், முனைக் கிண்ணத்தின் அளவு ஆகியவற்றையும் குறித்துக்கொண்டான். வலு கூடியதை வாங்கினால் இன்னும் நன்றன்றோ என்று கேட்டோம். கூடிய வலு பொனற் தகட்டை வளைக்கும், பிணைச்சலை வருத்தும், மூடுவதும் அரிதாகும் என்றான். அவன் எழுதிக் கொடுத்த குறிப்பைக் கொழும்பிலுள்ள எம் பழைய மாணவர் ஒருவருக்கு அனுப்ப, அவர் பஞ்சிகாவத்தையிற் தேடிப் புதிய சோடி ஒன்றை வாங்கி அனுப்பினார். விலை ஒரு புது ரயரின் விலைக்கும் குறைவு. இதற்காகவோ இத்தனை நாள் தாமதித்தோம் என்று வெட்கினோம்.

சித்திரை விடுமுறையில், காற்று வீசாத ஒரு காலைப்பொழுதில், மாணவன் வந்தான். எம் விரலும் அப்போது ஓரளவு தேறியிருந்தது. பொனற்றைத் திறந்ததும் யாம் வழக்கம்போலக் குனிந்தோம்.

"சேர், தலையை வெளியாலை எடுங்கோ" என்று அதட்டினான். வகுப்பில் எம்முன் வாய் திறவாதவன். முதலில் உறுதியான ஒரு மரக்கட்டையை அளந்து அறுத்து, இரு முனையிலும் துணி சுற்றி, பொனற்றுக்கு முட்டாக நிறுத்தினான். அதனை அசைத்துப் பார்த்தான். பின்னும் எம்மை ஓரமாக நிறுத்தி விளிம்பைத் தாங்குமாறு பணித்தான். அதன் பின்னரே வேலையைத் தொடங்கினான். எமக்குத் தந்தையாரின் நினைவு வந்தது.

ஊன்றுகோலின் இரு முனையும் எம் தோள் மூட்டைப் போலப் பந்தும் கிண்ணமுமாகப் பொருந்தியவை. கிண்ணத்தின் மேல் ஒரு சிறு கம்பிக் கவ்வி. அதனை முற்றாகக் கழற்றாமல், சிறு ஸ்குறூட்றைவரின் நுனியாற் சற்றே நெம்பினால், கிண்ணம் பந்திலிருந்து விடுபடும். புதியதைப் பந்தின் மேல் வைத்து உள்ளங்கையால் அழுத்தினாற் 'டக்' என்னும் ஓசையோடு அமரும். பொனற் மூடியிருக்கையிற் கோல் கீழ்நோக்கியிருக்குமாறு பொருத்துதல் வேண்டும். அப்போதே உள்ளிருக்கும் எண்ணெய் றப்பர் வளையத்தை நனைத்து அதனைக் காக்கும். கோலைக் குறட்டாற் பற்றலாகாது; ஒரு கீறலே வாயு கசியப் போதும். இரண்டையும் ஒருங்கே கழற்றலாகாது. ஒன்றை மாற்றும்போது மற்றொன்று, தளர்ந்ததாயினும், தன் இடத்தில் நின்று தாங்குதல் வேண்டும். புதியது அமர்ந்த பின்னரே அடுத்ததைத் தொடலாம். ஒன்றை மட்டும் மாற்றி நிறுத்திவிடுதலும் தவறு. வலுவொன்றும் தளர்வொன்றுமாக நின்றாற் பொனற் கோணும்.

கழற்றிய பழைய ஊன்றுகோலைக் கையில் எடுத்து, கோலை நிலத்தில் ஊன்றி அழுத்திப் பார்த்தோம். சிறிதும் அசையவில்லை. "இது நல்லாத்தானே இருக்கு?" என்றோம்.

"உங்கட கைக்கு நல்லாத்தான் இருக்கும், சேர். பொனற்றுக்குக் காணாது" என்றான்.

இரண்டும் மாற்ற அரை மணித்தியாலம் ஆகவில்லை. மரக்கட்டையை எடுத்தான். பொனற் நின்றது. மெல்ல இறக்கி, எங்கும் முட்டாமல் மூடுகின்றதா எனப் பார்த்தான். பழையவற்றைத் தீயிலிடலாகாது, வெட்டலாகாது என எச்சரித்து, தொழினுட்பக் கூடத்திற் காட்சிக்கு வைக்க எடுத்துச் சென்றான். மறுநாள் விடியற்காலையில், ஊர் குளிர்ந்திருக்கும் வேளையில், மகனை எழுப்பி அழைத்துச் சென்று பொனற்றைத் திறந்து காட்டினோம். அவன் கிட்ட வரவில்லை. தூர நின்று பார்த்தான். நெடுநேரம் பார்த்தபின், "கம்பு எங்கை?" என்றான்.

கல்லூரியின் விழா மலரில் இக்கதைக்கு என்ன இடம் என வினவுவோர் இருக்கலாம். உவமையை மிக நீட்டினால் அது நைந்துவிடும் என்பதை யாம் அறிவோம். ஆயினும் ஒன்று சொல்லி அமைவோம். விழாக் காலம் வெயிற் காலம் போன்றது. கொடியும் பந்தலும் மேளமும் கடல் கடந்து வந்த பழைய மாணவரின் முகங்களும் சேர்ந்து ஒரு வெம்மையைத் தருகின்றன. அவ்வெம்மையில் எல்லாம் நிமிர்ந்தே நிற்கும், தளர்ந்ததும் நிற்கும். நூலகத்தில் எந்த அலுமாரி செல்லரித்தது, எந்தப் பாடத்துக்கு ஆசிரியர் இல்லை, எந்த மாணவன் காலை உணவின்றி வருகின்றான் என்பன பந்தல் பிரித்த பின் வரும் குளிர்ந்த காலைகளிலேதான் தெரியும். அன்று திறந்து பார்ப்பதே பார்வை. அன்றியும், எம்போன்ற ஆசிரியர் ஒவ்வொருவரும் ஒரு நாள் மாற்றப்படவேண்டிய ஊன்றுகோல்களே. எம் கைக்கு யாம் இன்னும் வலியவராகவே தோன்றுவோம். பாரத்தை அளந்து பார்ப்பவனுக்கே உண்மை தெரியும். மாற்றும்போது ஒவ்வொன்றாக மாற்றுக, மற்றது தாங்கி நிற்கையில் மாற்றுக, விழுமுன் மாற்றுக.

புதிய ஊன்றுகோல்கள் இன்றுவரை தளரவில்லை. ஆனால் டிக்கியில் ஒரு கம்பு கிடக்கின்றது. மகன் தானே பூவரசில் வெட்டி, சீவி, முனையிற் துணி சுற்றி வைத்தான். பொனற்றைத் திறக்கும்போதெல்லாம் அதனைக் கொண்டுவந்து நிறுத்திய பின்பே, "இப்ப பாருங்கோ அப்பா" என்கிறான். தேவையில்லை என்று யாம் சொல்வதில்லை.